செவ்வாய்க்கிழமை போய்ப் பார்ப்பவள்

என் தங்கை சுடர்விழி ஒரு முதியோர் இல்லத்துக்குள் நுழைந்தால் முதலில் பார்ப்பது அங்கே இருப்பவர்களின் கால் நகங்களை. சுவரில் மாட்டிய படங்கள், மேசைமேல் அடுக்கிய விருதுகள் எல்லாம் அப்புறம்தான். காரணம் கேட்டால், "சோறு யாரு வேணா போடுவாங்கக்கா. குனிஞ்சி உக்காந்து நகம் வெட்டி உட ஒரு ஆள் இருக்குதான்னு பாரு. அது இருந்தா மத்ததும் இருக்கும்" என்பாள்.

இதை அவள் எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை. அவள் பன்னிரண்டாவது முடித்தவள். நான் எட்டாவதோடு நின்றுவிட்டேன். ஆனாலும் தேதியும் நேரமும் நான் சொன்னால் தப்பாது என்று எங்கள் வீட்டில் எனக்கு ஒரு பெயர் உண்டு. போன வருடம் அவள் செய்த காரியத்தை நாள் விடாமல் காலண்டரில் குறித்து வைத்திருக்கிறேன். அதைப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

சுடர்விழிக்கு வயது முப்பத்திரண்டு. உப்பளம் என்ற பகுதியில் அம்மாவோடு இருக்கிறாள். எங்கள் ஊரிலேயே உள்ள மேட்டுப்பாளையம் தொழிற்பேட்டையில் ஓர் அட்டைப்பெட்டி கம்பெனியில் பதினோரு வருடமாக வேலை. பசை ஒட்டும் இடத்தில் தொடங்கி, இப்போது பெட்டிகளைச் சரிபார்க்கும் இடத்தில் நிற்கிறாள். மூலை சரியாக மடங்காத பெட்டி அவள் கையைத் தாண்டிப் போகாது.

அந்தக் கம்பெனியில் ஒரு வழக்கம் இருக்கிறது. வருடாவருடம் ஆயுத பூஜைக்கு முன்னால் எல்லாரும் ஒருநாள் சம்பளத்தை ஏதாவது நல்ல காரியத்துக்குக் கொடுப்பார்கள். வேலை செய்பவர்கள் மொத்தம் 163 பேர். பன்னிரண்டு பேர் தவிர எல்லாரும் பெண்கள். பணத்தை வசூலித்துக் கொண்டுபோய்ச் சேர்ப்பவர் சூப்பர்வைசர் கிருஷ்ணசாமி. ஒன்பது வருடமாக ஒரே அறக்கட்டளைதான். அதன் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. கிருஷ்ணசாமிக்கு அங்கே ஒரு சால்வை போடுவார்கள். அந்தப் போட்டோ சட்டம் போட்டுக் கேண்டீனில் தொங்கும். ஒன்பது போட்டோக்கள், ஒன்பது நிறச் சால்வைகள்.

போன வருடம் முதலாளி, நீங்கள் எவ்வளவு சேர்க்கிறீர்களோ அவ்வளவு நானும் போடுகிறேன் என்றார். அப்படியானால் தொகை ஒன்றரை லட்சத்தைத் தொடும். ஜூலை 7, திங்கட்கிழமை, ஷிப்ட் மாறும் நேரம். கிருஷ்ணசாமி இந்தச் செய்தியைக் கேண்டீனில் சொல்லி முடித்ததும் சுடர்விழி எழுந்தாள்.

"அண்ணே, போன வருஷம் குடுத்த காசுல இன்னா பண்ணாங்க?"

"நல்லது பண்ணாங்க."

"இன்னா நல்லது?"

"சந்தேகப்பட்டுக்கினே இருந்தா தர்மம் பண்ண முடியாது சுடரு."

"சந்தேகம் இல்லண்ணே. எட்டு மணி நேரம் நின்ன காலு, அது கேக்குது."

கேண்டீன் சிரித்தது. கிருஷ்ணசாமிக்கு அது பிடிக்கவில்லை. "அப்ப நீயே தேடிக் கொண்டா. ஆயுத பூஜைக்கு முன்னாடி நல்ல எடமா ஒண்ணு சொல்லு, எல்லாரும் கை தூக்கட்டும். உன்னால முடியலன்னா பழைய எடத்துக்கே போவும். அதுக்கப்புறம் வாய தொறக்கக் கூடாது" என்றார்.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவள் தோழி கலைவாணி முழங்கையால் இடித்தாள். "இன்னாடி, வேல முடிஞ்சி வீட்டுக்குப் போய் தூங்கறது ஒனக்குப் புடிக்கலையா?"

கலைவாணிக்குத் தெரியாது, கொடுப்பது எங்கே போய்ச் சேருகிறது என்ற கேள்வி சுடர்விழிக்குப் பதினெட்டு வயதிலேயே வந்தது. தானே புயல் அடித்த 2011 டிசம்பரில் எங்கள் தெருவில் பாதி ஓடுகள் பறந்துவிட்டன. உதவி செய்ய வேன்கள் வந்தன. மூன்று குழுவினர், மூன்று குழுவின் கையிலும் ரொட்டியும் போர்வையும். எங்கள் வீட்டுக்கு மட்டும் ஐந்து போர்வை கிடைத்தது. எங்களுக்குப் பின்னால் இருந்த சந்துக்கு ஒன்றுமே போகவில்லை, ஏனென்றால் அதற்குள் வேன் நுழையாது. அன்றைக்கு இவள்தான் போர்வைகளைத் தோளில் போட்டுக்கொண்டு அந்தச் சந்துக்கு நடந்தாள். வந்தவர்களை அவள் திட்டவில்லை. "நல்லவங்கதான்க்கா. ஆனா வேன் போற தூரத்துக்குத்தான் அவங்களுக்குக் கண்ணு தெரியுது" என்றாள்.

ஜூலை 9ஆம் தேதி அவள் வேலையை ஆரம்பித்தாள். முதலில் அந்தப் பழைய அறக்கட்டளைக்குப் போன் செய்தாள். பணம் கொடுப்பவளாகப் பேசவில்லை. "படுத்த படுக்கையா இருக்குற பெரியம்மா ஒருத்தங்க இருக்காங்க. ஒங்க முதியோர் இல்லத்துல சேத்துப்பீங்களா?" என்று கேட்டாள். இடமில்லை, அடுத்த மாதம் பேசுங்கள் என்றார்கள். பத்து நாள் கழித்துக் கலைவாணியை விட்டுக் கேட்கச் சொன்னாள். அதே பதில். பிறகு தன் பெயரைச் சொல்லி, நன்கொடை தர வேண்டும் என்று போன் செய்தாள். உடனே மேனேஜர் வந்து பேசினார். போன வருடம் நீங்கள் செய்த தவறு ஒன்றைச் சொல்லுங்கள் என்று கேட்டதற்கு, "எங்ககிட்ட தப்பே கெடையாதும்மா" என்றாராம்.

அதற்கு அடுத்த நாள் முகவரியைத் தேடிக்கொண்டு நேரிலேயே போனாள். கேட்டில் பூட்டு. உள்ளே கல்யாணத்துக்கு வாடகைக்கு விடும் நாற்காலிகள் கூரைவரை அடுக்கியிருந்தன. முதியவர்கள் போய் இரண்டு வருடம் ஆகிறது என்றார் வாட்ச்மேன். ஒரு காலத்தில் அந்த இடத்தை ஒழுங்காகத்தான் நடத்தினார்களாம். அப்போது எடுத்த போட்டோக்கள்தான் இன்னும் நோட்டீசில் வந்துகொண்டிருந்தன. இதைக் கம்பெனியில் சொன்னபோது, வேறு கட்டடத்துக்கு மாறியிருப்பார்கள் என்று சொல்லி முடித்துவிட்டார் கிருஷ்ணசாமி.

இன்னொரு இடம் குழந்தைகள் காப்பகம். அங்கே எல்லாம் சரியாக இருந்தது. நடத்தும் அம்மா சுடர்விழியை உட்கார வைத்து மோர் கொடுத்து, "இந்த வருஷத்துக்கு எங்களுக்குப் போதும்மா. தட்டுப்பாடு இருக்குற எடமா பார்த்துக் குடுங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டார். அன்றைக்கு இரவு என் தங்கை போனில் இதைச் சொன்னாள். "போதும்னு சொல்றவங்களுக்கு எப்பிடிக்கா குடுக்காம இருக்குறது?" என்றாள்.

மூன்றாவது இடம் முதலியார்பேட்டையில் இருந்த 'சொல்தா வீடு'. பிரெஞ்சு ராணுவத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, வேலை பார்த்துப் பென்ஷன் வாங்கிய ஒருவர் கட்டிய பழைய வீடு. அவர் பிள்ளைகள் பாரிசில் இருக்கிறார்கள். வீட்டை இராமதாஸ் என்பவருக்குக் குறைந்த வாடகைக்கு விட்டிருக்கிறார்கள். இராமதாஸ் ஆஸ்பத்திரியில் முப்பது வருடம் வார்டு வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். யாரும் இல்லாத இருபத்திரண்டு முதியவர்களை அங்கே வைத்துப் பார்த்துக்கொண்டார். கம்பெனிப் பெண்களில் ஏழு பேர் சேர்ந்து மாதம் ஒரு மூட்டை அரிசி அங்கே அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அவர்கள்தான் சுடர்விழியிடம் இந்த இடத்தைச் சொன்னார்கள்.

அவள் போனது ஜூலை 24, வியாழக்கிழமை, மதியம் 12.40. இரண்டாவது ஷிப்ட் இரண்டு மணிக்கு. முன்பக்கம் யாரையும் காணோம் என்று பக்கவாட்டு வழியாகப் பின்னால் போனாள். அங்கே ஒரு பெண் அண்டா அண்டாவாகச் சாம்பார் சாதத்தையும் பாயசத்தையும் சிமெண்ட் தொட்டியில் கொட்டிக்கொண்டிருந்தாள். வடைகள் மிதந்தன. ஒரு மாட்டுக்காரர் வாளியோடு காத்திருந்தார். சுடர்விழி அப்படியே திரும்பிவிட்டாள். உள்ளே போகவில்லை. அன்றைக்கு அவள் யாருடைய நகத்தையும் பார்க்கவில்லை.

இரண்டு மணிக்குக் கம்பெனியில் சொன்னாள். "அந்த எடம் வேணாம். தொட்டி நெறைய சோத்தக் கொட்றாங்க. நம்ம அரிசியும் அங்கதான் போவுது."

சுடர்விழி சொன்னால் சரியாக இருக்கும் என்று எல்லாருக்கும் ஒரு நம்பிக்கை. அந்த ஏழு பேரும் ஆகஸ்ட் மாத அரிசியை நிறுத்திவிட்டார்கள்.

ஆகஸ்ட் 9, சனிக்கிழமை, மதியம் 1.45க்கு ஒரு பெண் கம்பெனி கேட்டில் வந்து நின்றாள். இரண்டாவது ஷிப்டுக்கு உள்ளே போய்க்கொண்டிருந்த சுடர்விழியைத்தான் முதலில் நிறுத்தினாள். அன்று தொட்டியில் கொட்டிய அதே பெண். பெயர் துர்கா. சொல்தா வீட்டில் சமையல் செய்பவள்.

"யக்கா, இங்கிருந்து மாசா மாசம் ஒரு மூட்ட அரிசி வரும். இந்த மாசம் வரல. கோச்சிக்கினு கேக்கல. எங்க மேல இன்னா தப்புன்னு கேட்டுட்டு வரச் சொன்னாரு ராமதாஸ் ஐயா. தப்பு இருந்தா திருத்திக்கிறோம்னு சொன்னாரு."

சுடர்விழி மறைக்கவில்லை. "நான்தான் நிறுத்தச் சொன்னேன். நீங்க சோத்தக் கொட்றத நான் பார்த்தேன்."

துர்கா அவளை மேலும் கீழும் பார்த்தாள். "பார்த்தியா. என்னிக்கு வந்த?"

"அன்னிக்கு ஒரு வியாழக்கெழம."

"வியாழக்கெழமன்னா? ஆடி அமாவாசன்னு சொல்லு. மறுநாள் வந்து பார்த்தியா?"

துர்கா முந்தானையை உதறிக்கொண்டு பஸ்சைப் பிடிக்கப் போய்விட்டாள்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்க்கிழமை. அமாவாசை இல்லை, பௌர்ணமி இல்லை, கிருத்திகை இல்லை, யாரும் முதியோர் இல்லத்துக்குச் சாப்பாடு அனுப்பாத நாள். அதற்காகவே அந்த நாளைத் தேர்ந்தெடுத்து, லீவு போட்டுவிட்டுப் போனாள். 12.15க்குச் சாப்பாட்டு நேரம். இருபத்திரண்டு தட்டுகளிலும் ரசம் சோறு, ஆளுக்கு ஓர் அப்பளம். வேறொன்றும் இல்லை. சுடர்விழி இந்த முறை குனிந்து பார்த்தாள். நாற்பத்து நான்கு பாதங்கள். எல்லா நகமும் வெட்டியிருந்தது. படுக்கையிலேயே இருந்த ஆயம்மா என்ற பாட்டியின் குதிகாலில் எண்ணெய் தடவியிருந்தது.

கூடத்துச் சுவரில் ஒரு பெரிய காலண்டர். சாப்பாடு தருகிறவர்களின் பெயரை அந்தந்தத் தேதிக் கட்டத்தில் எழுதுவார்கள். ஜூலைத் தாளைப் புரட்டினாள். 24ஆம் தேதிக் கட்டத்தில் இடம் போதாமல் ஓரத்தில் துண்டுச் சீட்டு ஒட்டியிருந்தது. பதினோரு குடும்பம், 260 சாப்பாடு. அதற்கு முன்னால் ஆறு நாளும் வெறுங்கட்டம். அதற்குப் பின்னால் ஒன்பது நாள் வெறுங்கட்டம்.

"வேணாம்னு சொல்லிப் பார்த்தேம்மா" என்றார் இராமதாஸ். "செத்துப்போனவங்களுக்குப் படைக்கிறத வேணாங்குறியான்னு அழுவுறாங்க. சரின்னு வாங்கிடுவேன். தெருவுல குடுப்பேன், பஸ் ஸ்டாண்டுக்குப் போவேன். காலையில வந்த சாம்பார் வெய்யில்ல பன்னெண்டு மணிக்கே புளிச்சிடும். அப்புறம் மாட்டுக்குத்தான். எல்லாரும் ஒரே நாள்ல செத்தவங்களுக்குப் போடுறாங்க. உயிரோட இருக்குறவங்களுக்கு தெனம் பசிக்குது."

சுடர்விழி அந்தத் துண்டுச் சீட்டைப் படித்தாள். நான்காவது வரியில் நின்றாள். வெளியே வந்து எனக்குப் போன் செய்தாள். அப்போது மணி 12.50. நான் முத்தியால்பேட்டையில் என் வீட்டில் துணி மடித்துக்கொண்டிருந்தேன்.

"யக்கா, ஆடி அமாவாசைக்கு அப்பா பேர்ல எந்த எடத்துக்கு சாப்பாடு குடுத்த?"

"எடம் தெரியலையே. கேட்டரிங் பிரேம்குமார்கிட்ட காச குடுத்தேன். ஏதோ ஒரு ஹோமுக்கு அனுப்பிடுறேன்னாரு."

"எத்தினி சாப்பாடு?"

"இருவத்தஞ்சி. வடை பாயசத்தோட. ஏன்?"

"இங்க சீட்டுல எழுதியிருக்குது. கமலவேணி, முத்தியால்பேட்டை, அப்பா திதி, இருவத்தஞ்சி. நான் தொட்டியில பார்த்த பாயசம் ஒன்னுதுக்கா."

ஐந்து வருடமாக ஆடி அமாவாசைக்கு இப்படித்தான் பணம் கொடுத்துவந்தேன். மில்லில் வேலை போனபின் வாட்ச்மேனாக நின்று எங்களை வளர்த்த அப்பாவுக்கு வருடத்தில் ஒருநாள் நிறைவாகச் செய்தோம் என்று நிம்மதியாகத் தூங்கியிருக்கிறேன். எந்த வீட்டுக்குப் போகிறது என்றுகூட ஒரு தடவை கேட்கவில்லை. தீப்பெட்டி வாங்கினால்கூடக் குச்சியை எண்ணிப் பார்ப்பவள் நான்.

உள்ளே திரும்பிப் போய் அவள் இராமதாஸிடம் தன் வழக்கமான கேள்வியைக் கேட்டாள். போன வருடம் நீங்கள் செய்த தவறு என்ன? அவர் யோசிக்கவே இல்லை. "போன வருஷம் இன்னா, இந்த ஜூன்லயே இருக்குது. ராத்திரி பார்த்துக்குற பொம்பளைக்கு மூணு மாசம் சம்பளம் குடுக்க முடியல, நின்னுட்டா. சாப்பாட்டுக்குக் குடுக்க ஆள் இருக்குது, சம்பளத்துக்குக் குடுக்க ஆள் இல்ல. சமாளிச்சிக்கலாம்னு உட்டேன். ஆயம்மா ராத்திரி தனியா எழுந்து போய் பாத்ரூம்ல உழுந்து இடுப்ப ஒடச்சிக்கினாங்க. அது என் தப்பு."

வரவு செலவுத் தாள்களையும் கேட்காமலே எடுத்து வைத்தார். மூன்று வருடத்து ஆடிட்டர் கையெழுத்து இருந்தது. துர்காதான் பகலில் சமைத்துவிட்டு இரவிலும் கூடத்தில் படுத்துக்கொண்டிருந்தாள்.

அன்று மாலை உப்பளம் வீட்டில் நானும் அவளும் உட்கார்ந்து பேசினோம். நான் சொன்ன யோசனை இதுதான்: அந்த ஏழு பேரிடம் மட்டும் தனியாகச் சொல்லி அரிசியை மறுபடி அனுப்பச் சொல். கேண்டீனில் எழுந்து தப்பு என்று சொன்னால் கிருஷ்ணசாமி விடமாட்டார். ஒன்றரை லட்சமும் பூட்டுப் போட்ட கேட்டுக்குத்தான் போகும்.

"எல்லார் முன்னாடியும் அவங்கள கெட்டவங்கன்னு சொன்னேன். ஏழு பேர் காதுல மட்டும் நல்லவங்கன்னு சொல்லணுமா?" என்றாள்.

மறுநாள் காலை பத்து மணி டீ நேரத்தில் எழுந்து சொல்லிவிட்டாள். ஒரு நாள், அதுவும் பின்கட்டு மட்டும் பார்த்துவிட்டுப் பேசினேன், தப்பு என்னுடையது, கொட்டிய அந்தச் சோற்றில் என் அக்கா அனுப்பியதும் உண்டு என்று. கிருஷ்ணசாமி டீயை ஆற்றிக்கொண்டே, "அன்னிக்கு திருடன்னு சொன்ன, இன்னிக்கு சாமின்னு சொல்ற. நாளைக்கு இன்னா சொல்லப் போற?" என்றார்.

"நான் சொல்றத நம்பவே வேணாம்ணே. நீங்களே போய்ப் பாருங்க. எல்லாரும் போங்க. ஆனா விசேஷ நாள்ல போவாதீங்க. சும்மா ஒரு நாள்ல போங்க. ரெண்டு தடவ போங்க."

கலைவாணி முதல் ஆளாகப் போனாள். அந்த வாரமே இன்னும் இரண்டு பேர். ஷிப்ட் இல்லாத நேரத்தில் மூன்று மூன்று பேராகப் போனார்கள். தட்டைப் பார்த்தார்கள், கழிவறையைப் பார்த்தார்கள், துர்காவிடம் வம்பு பேசினார்கள். ஒருத்தி போர்வையை முகர்ந்து பார்த்துவிட்டு வந்தாள். இன்னொருத்தி ஆடிட்டர் தாளைத் தன் அண்ணன் மகனிடம் காட்டிச் சரிபார்த்தாள். அந்த ஏழு பேர் அரிசியைத் திரும்ப அனுப்பினார்கள், நிறுத்திய மாதத்துக்கும் சேர்த்து இரண்டு மூட்டையாக. செப்டம்பர் மூன்றாம் வாரத்துக்குள் போய் வந்தவர்கள் நாற்பத்தொரு பேர். சுடர்விழி யாரையும் கூட்டிக்கொண்டு போகவில்லை. தான் ஒருத்தி சொன்னதை மட்டும் நம்பி யாரும் கை தூக்கக் கூடாது என்பதில் உறுதியாக இருந்தாள்.

செப்டம்பர் 26, வெள்ளிக்கிழமை, மதியம் இரண்டு மணி. இரண்டு ஷிப்டும் கேண்டீனில் கூடியிருந்தது. அன்று நான் அங்கே இல்லை. கலைவாணி போனில் எடுத்த வீடியோவை நான்கு முறை பார்த்திருக்கிறேன், அதனால் வரிசை மாறாமல் சொல்ல முடியும்.

சுடர்விழி வாயைத் திறப்பதற்கு முன்னால் கிருஷ்ணசாமி தன் போனை உயர்த்திப் பிடித்தார். அவரும் போயிருக்கிறார். மகாளய அமாவாசை அன்று, ஞாயிற்றுக்கிழமை. தொட்டி, அண்டா, மாட்டுக்காரர் எல்லாம் படத்தில் இருந்தது. "அஞ்சு நாளு முன்னாடி எடுத்தது. நல்லா பாருங்க. சாம்பார் ஆறா ஓடுது. இதுக்கா ஒங்க ஒருநாள் சம்பளம்?" போனை ஒவ்வொரு மேசைக்கும் நீட்டினார்.

போகாதவர்கள் நூற்று இருபதுக்கு மேல். அவர்களுக்குத் தொட்டி ஒன்றே போதும்.

போன் கலைவாணி மேசைக்கு வந்தது. அவள் கையில் வாங்கி, படத்தைப் பெரிதாக்கி, நன்றாக உற்றுப் பார்த்தாள்.

"அண்ணே, இந்த ஓரத்துல இருக்குற எவர்சில்வர் அண்டா யாருதுன்னு தெரியுதா?"

"அது எனக்கெதுக்கு?"

"என் மாமியாருது. பேரு வெட்டியிருக்குது பாருங்க. நாங்கதான் அனுப்புனோம், முப்பது சாப்பாடு. செவ்வாக்கெழம ரசம் சோறு துன்றாங்கன்னு கண்ணால பார்த்துட்டு வந்து சொன்னேன். அமாவாசைக்குப் போடலன்னா செத்துப்போன மாமனாரு கோச்சிக்குவாருன்னு கெழவி கேக்கல."

எங்கிருந்தோ ஒரு சிரிப்பு கிளம்பியது. பின் வரிசையில் ஒருத்தி எழுந்தாள். "எங்க வீட்டு புளிசாதமும் அதுல இருக்கும். இருவது பொட்டலம்." இன்னொருத்தி, "நான் வடை மட்டும்தான் குடுத்தேன், என்ன சேக்காதீங்க" என்றாள். ஒவ்வொருத்தியாக எழுந்தார்கள். மொத்தம் பதினான்கு பேர். அவர்களில் ஒன்பது பேர் அந்த வீட்டுக்குப் போகாதவர்கள். தங்கள் சாப்பாடு எங்கே போனது என்றே அன்றைக்குத்தான் யோசிக்கிறார்கள். கேட்டரிங்காரருக்கு அங்கேயே போன் போட்டுக் கேட்டாள் ஒருத்தி. ஆமாம், சொல்தா வீட்டுக்குத்தான் என்று பதில் வந்தது.

கலைவாணி போனைத் திருப்பிக் கொடுத்தாள். "வேணும்னா இந்தப் படத்தையும் சட்டம் போட்டு மாட்டிடலாம்ணே. நம்ம எல்லார் வீட்டு சமையலும் ஒரே எடத்துல இருக்குது."

கிருஷ்ணசாமியே சிரித்துவிட்டார். மோசமான மனிதர் இல்லை. ஒன்பது வருடமாக ஒரு ரூபாய்கூடக் குறையாமல் கொண்டுபோய்ச் சேர்த்தவர், சேர்ந்த பிறகு என்ன ஆகிறது என்று மட்டும் பார்க்காதவர். அதை நான் குறையாகச் சொல்ல எனக்கு வாய் இல்லை.

அதன்பிறகு சுடர்விழி பேசியது இரண்டு நிமிடம்கூட இருக்காது. "சோறு வேணாம். நம்ம ஊர்ல சோறு போட ஆளு இருக்குது. ராத்திரி முழிச்சிக்கினு இருக்க ஒரு ஆளுக்கு மாசம் பன்னெண்டாயிரம். வருஷத்துக்கு ஒரு லட்சத்து நாப்பத்து நாலாயிரம். நம்மகிட்ட அவ்ளோ இருக்குது. மொத்தமா குடுக்க வேணாம், மாசா மாசம் குடுப்போம். மூணு மாசத்துக்கு ஒரு தடவ நம்மள்ல யாராவது சொல்லாம போய்ப் பார்ப்போம். சரியில்லன்னா நிறுத்துவோம். சால்வ வேணாம், போர்டு வேணாம்."

கை தூக்கச் சொன்னார்கள். எண்ணியது கிருஷ்ணசாமிதான். இரண்டு முறை எண்ணினார். 149. அவர் கை தூக்கவில்லை, ஆனால் எண்ணிக்கையைச் சத்தமாகச் சொன்னார். அதற்குப் பிறகு எழுந்த சத்தத்தில் வீடியோவில் வேறொன்றும் கேட்கவில்லை. கலைவாணியின் கை ஆடியதில் படமும் கேண்டீன் கூரையைக் காட்டி முடிந்துவிட்டது.

அக்டோபர் 3ஆம் தேதி சொல்தா வீட்டுக்கு இரவு ஆள் வந்துவிட்டது. செந்தமிழ்ச்செல்வி என்று பெயர், நாற்பத்து நான்கு வயது, ஆஸ்பத்திரியில் ஆயாவாக வேலை பார்த்தவள். துர்கா இப்போது இரவில் தன் வீட்டுக்குப் போகிறாள். அன்று எழுந்து நின்ற பதினான்கு பேரும் திதிச் சாப்பாட்டை வெறுங்கட்டத்துக்கு மாற்றிக்கொண்டார்கள். கலைவாணியின் மாமியாரிடம், மாமனாருக்கு எந்த நாளில் பசித்தாலும் பசிதானே என்று இராமதாஸ் பேசிச் சம்மதிக்க வைத்தார். இந்தத் தை அமாவாசைக்கு அங்கே வந்தது மூன்று குடும்பத்துச் சாப்பாடுதான். தொட்டி காய்ந்திருந்தது. நான் அப்பாவுக்காக எடுத்துக்கொண்டது மாதத்தின் இரண்டாவது புதன். இந்த முறை நானே தூக்குச் சட்டியில் கொண்டுபோனேன்.

மேட்டுப்பாளையத்தில் இன்னும் நான்கு கம்பெனிகளிலிருந்து சுடர்விழியைக் கூப்பிட்டார்கள், எங்களுக்கும் ஓர் இடம் பார்த்துச் சொல் என்று. சொல்ல மாட்டேன் என்றாள். எப்படிப் பார்ப்பது என்று மட்டும் சொல்லிக் கொடுத்தாள். ஒரு கம்பெனி ஆட்கள் போதும் என்று சொன்ன அந்தக் காப்பகத்து அம்மாவைப் போய்ப் பார்த்து, தட்டுப்பாடு உள்ள இடம் எது என்று அவரிடமே கேட்டு எழுதிக்கொண்டு வந்தார்களாம்.

ஜனவரி தொடக்கத்தில் முதல் பார்வை நாள் வந்தது. சீட்டுப் போட்டதில் சுடர்விழியின் பெயரும் இன்னும் இரண்டு பேர் பெயரும் விழுந்தன. முதல் ஷிப்ட் முடிந்து, சொல்லாமல் கொள்ளாமல், மதியம் 2.35க்குப் போய் நின்றார்கள். துர்கா கேட்டைப் பாதிதான் திறந்தாள்.

"எல்லாரும் படுத்துக்கினு இருக்காங்க. மூணரைக்கு வாங்க."

"நாங்க கம்பெனியில இருந்து வந்திருக்கோம். ராத்திரி ஆளுக்கு சம்பளம்..."

"தெரியும். யாரா இருந்தாலும் மூணரைக்குத்தான். இப்பதான் ஆயம்மா கண்ணசந்தாங்க. பேச்சு சத்தம் கேட்டா எழுந்துக்குவாங்க. அந்த மர நெழல்ல உக்காருங்க" என்று சொல்லிவிட்டு, சத்தம் வராமல் கேட்டைச் சாத்தினாள்.

மூன்று பேரும் ஐம்பத்தைந்து நிமிடம் தெருவில் உட்கார்ந்திருந்தார்கள். மூன்றரைக்கு உள்ளே போய் எல்லாவற்றையும் பார்த்துவிட்டு வந்தார்கள். மறுநாள் டீ நேரத்தில் சுடர்விழி கேண்டீனில் எழுந்து நின்று, அங்கே கண்ட எதையும் சொல்வதற்கு முன்னால், இதைத்தான் முதலில் சொன்னாளாம்: "காசு குடுக்குற நம்மளையே வெளிய உக்கார வெச்சிட்டாங்க. பெரியவங்க தூக்கம் கெட்டுடுமாம்."

கேண்டீன் முழுக்கக் கை தட்டியது. முதலில் தட்டியது கிருஷ்ணசாமி என்கிறாள் கலைவாணி. அதற்கு மட்டும் என்னிடம் வீடியோ இல்லை.